நாலாவது கட்டில்

சந்தேகம் சிலருக்குக் குணம், சிலருக்கு நோய். இவளுக்கு அது உத்தியோகம். மருந்துப் பாட்டில் செய்யும் தொழிற்சாலையில் இருபத்திரண்டு வருடமாக வெள்ளை விளக்குக்கு முன்னால் உட்கார்ந்து, கழுத்தைப் பிடித்து ஒவ்வொரு பாட்டிலாகச் சுழற்றி, எங்கே கீறலை ஒளித்து வைத்திருக்கிறாய் என்று கேட்பதற்குத்தான் சம்பளம். மயிரிழைக் கீறல் ஒன்று தப்பிப் போனாலும் நோயாளியின் மருந்தில் கண்ணாடித் தூள் விழும். ஆகவே எதையும் நம்பாதே என்பதுதான் அங்கே முதல் பாடம்.

அந்தப் பாடத்தை அவள் வீட்டுக்கும் எடுத்து வந்தாள், அங்கேதான் வம்பு. காய்கறிக் கடைத் தராசு, தையல்காரர் எடுத்த அளவு, லிஃப்ட் ரிப்பேர் பார்க்கும் கணவர் தாமதமாக வந்ததற்குச் சொல்லும் காரணம், எல்லாம் வெள்ளை விளக்குக்கு முன்னால் ஒரு சுற்றுச் சுற்றப்பட்ட பிறகுதான் வீட்டுக்குள் போகும். கணவர் நல்ல மனிதர், வாய் மட்டும் கொஞ்சம் நீளம். "லிஃப்ட்டு நடுவுல நின்னா உள்ள இருக்கறவங்க கடவுளைக் கூப்பிடுவாங்க. இவ மட்டும் எந்தப் பய நிறுத்தினான்னு கேப்பா" என்று உறவுக்காரர்களிடம் சொல்லிச் சிரிப்பார்.

பரிசோதனை மேஜையில் அவளோடு இன்னும் மூன்று பெண்கள் இருந்தார்கள். அவளுக்குப் பூதக்கண்ணாடி என்று பெயர் வைத்தது அவர்கள்தான். வயதில் மூத்தவள் என்பதால் நேரில் கூப்பிடும்போது மட்டும் கண்ணாடி அக்கா. மூவரில் ஒருத்தி இப்போது பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறாள், அதனால் வேன். இன்னொருத்தி பல் ஆஸ்பத்திரியில் முன்மேஜையில் உட்கார்ந்து வருகிறவர்களுக்கு நேரம் கொடுக்கிறாள், அதனால் பல்லு. மூன்றாமவளுக்கு அந்த மேஜையிலேயே பெயர் விழுந்துவிட்டது. யார் என்ன சொன்னாலும் எதிர்த்துப் பேசாத வாயில்லாப் பூச்சி. சுருக்கமாகப் பூச்சி.

நான்கு பேரில் வேலை சுத்தம் பூச்சிக்குத்தான் என்பது எல்லாருக்கும் தெரியும். அவள் பார்த்து அனுப்பிய தட்டு திரும்பி வந்ததாகச் சரித்திரமே இல்லை. பார்த்து முடித்த தட்டின் மூலையில் ஆளுக்கு ஒரு நிறச் சாக்கட்டியால் புள்ளி வைக்க வேண்டும். வேனுக்குச் சிவப்பு, பல்லுவுக்கு வெள்ளை, பூச்சிக்குப் பச்சை, கண்ணாடி அக்காவுக்கு நீலம். மற்றவர்கள் தட்டை நிரப்பிவிட்டு எங்கே இடம் கிடைக்கிறதோ அங்கே புள்ளியை இழுத்துவிடுவார்கள். பூச்சி மட்டும் வலது கீழ் மூலைக் கட்டத்தைக் கடைசிவரை காலியாகவே வைத்திருப்பாள். புள்ளியை ஒழுங்காக வைத்துவிட்டுத்தான் அந்தக் கடைசிப் பாட்டிலை வைப்பாள். ஏன் என்று கேட்டால் சிரிப்பாள், பதில் வராது.

இரண்டு வருடத்துக்கு முன்னால் தொழிற்சாலைக்குக் கேமரா வந்தது. நான்கு பெண்கள் ஒரு நாள் முழுக்கப் பார்க்கிற பாட்டிலை அது ஒரு மணி நேரத்தில் பார்த்துவிடும். கேமராவைப் பார்த்துக்கொள்ள ஒரே ஒரு ஆள் போதும் என்றார்கள். அது பூச்சிதான் என்று எல்லாரும் முடிவு கட்டியிருந்த வாரத்தில் ஒரு தட்டு திரும்பி வந்தது, ஐந்து பாட்டிலில் கீறலோடு. சூப்பர்வைசர் கண்ணாடி அக்காவைக் கிடங்குக்குக் கூட்டிப் போனார். கூரையில் எங்கோ உயரத்தில் எரிந்த இரண்டு மஞ்சள் விளக்குகளுக்குக் கீழே தட்டு இருந்தது.

"யார் புள்ளிம்மா இது? எனக்குச் சரியாத் தெரியல" என்றார் அவர், மூக்குக் கண்ணாடியைத் துடைத்தபடி.

அவள் குனிந்து பார்த்தாள். நிமிர்ந்தாள். "பச்சை" என்றாள்.

அவள் கண் சொன்னால் அது கோர்ட் தீர்ப்பு மாதிரி. மறுநாள் காலை பூச்சி தன் அடையாள அட்டையைத் திருப்பிக் கொடுத்துவிட்டுப் போனாள். வேனும் பல்லுவும் கணக்கு முடித்துக்கொண்டு வேறு வேலைக்குப் போனார்கள். கேமராவுக்குப் பக்கத்து நாற்காலி கண்ணாடி அக்காவுக்கு வந்தது. அதைப் பற்றி யாராவது பேச்செடுத்தால், "நான் கண்ணால பாத்ததைச் சொன்னேன்" என்பாள். யாரும் பேச்செடுக்காத நாளிலும் சில சமயம் சொல்லுவாள்.

மேஜை போனாலும் மூன்று பேர் மீதி இருந்தார்கள். அவர்களைச் சேர்த்து வைத்தது, சொன்னால் சிரிப்பீர்கள், ஒரு விளையாட்டு. கம்ப்யூட்டரில் ஆடுவது. குளிர்ந்த ஒரு தீவில் வெறுங்கையோடு கொண்டுபோய் இறக்கிவிடுவார்கள். மரம் வெட்ட வேண்டும், நெருப்பு மூட்ட வேண்டும், வீடு கட்ட வேண்டும், ஓநாயிடமிருந்து தப்ப வேண்டும். செத்தால் கட்டிலிலிருந்து மறுபடி எழுந்திருக்கலாம். அதனால் அங்கே கட்டில்தான் உயிர். வேலை தேடி வெளியூர் போன மகள் விட்டுப்போன கம்ப்யூட்டரில் கண்ணாடி அக்கா ஆடினாள். காதில் மாட்டும் ஹெட்போனில் மூவரும் பேசிக்கொள்ளலாம். ஞாயிற்றுக்கிழமை மூன்று மணியிலிருந்து ஐந்து மணிவரை.

ஊரெல்லாம் ஆடும் பொதுத் தீவு இல்லை, இவர்களுக்கு மட்டுமான தனித் தீவு. அது பல்லுவின் கம்ப்யூட்டரில் இருந்தது. அவள் திறந்தால்தான் திறக்கும், ரகசியச் சொல் தெரிந்தவர்கள்தான் உள்ளே வரலாம். அந்தச் சொல்லை வாராவாரம் சனிக்கிழமை மாற்ற வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தது யார் என்று சொல்லத் தேவையில்லை.

"யாருக்கா வரப்போறா? நம்ம கஞ்சிப் பானையைத் திருடவா?" என்றாள் வேன்.

"வர்றவன் சொல்லிட்டா வருவான்?" என்றாள் இவள். அத்தோடு வாசல் கோபுரத்துக் காவல் வேலையை அவள் தலையிலேயே கட்டிவிட்டார்கள். அவளுக்கும் அது பிடித்திருந்தது. மற்ற இருவரும் விறகு வெட்ட, மீன் பிடிக்க, இவள் கோபுரத்தில் நின்று கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு காட்டைப் பார்ப்பாள். வாரம் முழுக்கக் கேமராவோடு தனியாக உட்கார்ந்திருப்பவளுக்கு அந்த இரண்டு மணி நேரம்தான் மனிதக் குரல். அதை மட்டும் யாரிடமும் சொன்னதில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அம்புக்குக் கம்பு தீர்ந்துவிட்டது. எடுத்துக்கொள்ள அவளே நிலவறைக்கு இறங்கினாள். விறகு அடுக்கும் இடம் அது, கோபுரத்தில் நிற்பவளுக்கு அங்கே வேலையே கிடையாது. விறகுக்குப் பின்னால், சுவரோரமாக, ஒரு கட்டில் இருந்தது.

மேலே மூன்று கட்டில். இது நாலாவது.

"கீழ என்னடி கட்டில்?" என்று கேட்டாள்.

ஹெட்போனில் ஒரு நொடி சத்தமே இல்லை. ஒரு நொடிதான். ஆனால் மயிரிழைக் கீறலைத் தேடிப் பழகியவளுக்கு ஒரு நொடி எவ்வளவு நீளம்.

"அது... சும்மாக்கா. எக்ஸ்ட்ரா ஒண்ணு இருக்கட்டுமேன்னு" என்றாள் பல்லு.

"ஆமாக்கா. விருந்தாளி வந்தா" என்றாள் வேன், அதே மூச்சில்.

தனித் தீவில் ஏது விருந்தாளி? எலி ஏன் அம்மணமாக ஓடுகிறது என்று நினைத்துக்கொண்டாள். வாய் திறக்கவில்லை. கீறல் இருக்கிற பாட்டிலைத் தட்டிப் பார்க்கக் கூடாது, ஓரமாக வைத்து இன்னொரு தரம் பார்க்க வேண்டும். அது தொழில்.

அந்த வாரம் வீட்டில் கணவருக்குச் சாப்பாடே ஒழுங்காகக் கிடைக்கவில்லை. "எனக்குத் தெரியாம யாரையோ உள்ள விடறாங்க" என்று மூன்று வேளையும் அதே பேச்சு.

"விட்டா விட்டுட்டுப் போகட்டுமே. விளையாட்டுதானே?"

"விளையாட்டுன்னா அப்ப ஏன் மறைக்கணும்? என்கிட்ட ஏன் சொல்லக்கூடாது?"

"நீ இப்படிக் கேப்பேன்னுதான்" என்றார் அவர், தண்ணீர் குடித்துக்கொண்டே. "காமாலைக் கண்ணுக்குக் கண்டதெல்லாம் மஞ்சள். உன் கண்ணுல மொதல்ல மருந்து போடு."

அவள் தட்டை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். அவருக்கு இரண்டாம் முறை குழம்பு வரவில்லை.

அடுத்த ஞாயிறு, இருவரும் ஏரிக்குப் போன நேரம் பார்த்துக் கோபுரத்திலிருந்து இறங்கினாள். நிலவறையில் ஒரே ஒரு தீப்பந்தம் எரிந்துகொண்டிருந்தது. கட்டிலுக்கு மேலே இப்போது ஒரு சின்னக் கொடியும் தொங்கியது. தீப்பந்த வெளிச்சத்தில் உற்றுப் பார்த்தாள். பச்சை. பக்கத்தில் ஒரு பெட்டி. திறந்தாள். கல், தோல், விதை, எல்லாம் வரிசை வரிசையாக, ஒரு தூசு பிசகாமல். நாற்பத்தெட்டுக் கட்டத்தில் நாற்பத்தேழு நிரம்பியிருந்தது. வலது கீழ் மூலை மட்டும் காலி.

உலகத்தில் ஒருத்திக்குத்தான் அந்தப் பழக்கம்.

அதற்கப்புறம் அவள் மனம் ஓடிய ஓட்டத்தை யாரும் பிடித்திருக்க முடியாது. பூச்சி வருகிறாள். எப்போது வருகிறாள்? நான் இல்லாத நாளில். ஏன்? என்னைப் பற்றிப் பேச. என்ன பேசுவார்கள்? நாற்காலியைப் பிடுங்கிக்கொண்டாள் என்று. இருவரும் ஞாயிற்றுக்கிழமை என்னோடு சிரித்துவிட்டு வாரநாளில் அவளோடு உட்கார்ந்து என்னைக் கிழிக்கிறார்கள். நானென்ன பொய்யா சொன்னேன்? கண்ணால் பார்த்ததைத்தானே சொன்னேன்! கோபத்தைவிட அவமானம்தான் அதிகமாக இருந்தது. இந்த இருவரும் போனால் அவளுக்கு வேறு யாரும் இல்லை. அதை நினைக்க நினைக்கக் கோபம் இன்னும் ஏறியது.

புதன்கிழமை காலை ஷிஃப்ட். இரண்டு மணிக்கு விட்டார்கள். வீட்டுக்கு வந்ததும் செருப்பைக்கூட ஒழுங்காகக் கழற்றாமல் கம்ப்யூட்டரைப் போட்டாள். நண்பர்கள் பட்டியலில் யார் ஆடிக்கொண்டிருக்கிறார்களோ அவர்கள் பெயருக்குப் பக்கத்தில் சின்ன விளக்கு எரியும். பல்லு, எரிந்தது. வேன், அதுவும் எரிந்தது. பல் ஆஸ்பத்திரிக்குப் புதன் அரை நாள் விடுமுறை. பள்ளிக்கூடம் விடும் நேரம்வரை வேனும் சும்மாதான். கச்சிதமாகத்தான் நேரம் பார்த்திருக்கிறார்கள்.

ரகசியச் சொல் சனிக்கிழமைதான் மாறும். ஞாயிற்றுக்கிழமைச் சொல் இன்னும் செல்லும். வாராவாரம் மாற்றச் சொன்னவளுக்கே தினமும் மாற்றச் சொல்லத் தோன்றாமல் போனது நல்லதாயிற்று. தட்டினாள், கதவு திறந்தது.

முதலில் கேட்டது ஒரு சிரிப்பு. வாய் நிறைந்த, மூச்சு முட்டுகிற சிரிப்பு. "சேத்துல தலைகீழா விழுந்தா, அந்தக் காட்டுப் பன்னி வந்து மோந்து பாத்துட்டு வேணாம்னு போயிடுச்சு" என்று யாரோ சொல்லிச் சொல்லிச் சிரித்துக்கொண்டிருந்தாள். யார் என்று புரியவே நேரமாயிற்று. பூச்சி. பக்கத்து நாற்காலியில் அத்தனை வருடம் உட்கார்ந்தும் பூச்சிக்கு இப்படி ஒரு சிரிப்பு இருப்பது அவளுக்குத் தெரியாது. அவர்கள் இவளைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கவில்லை. ஒரு பன்றியைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள்.

திரையின் மேலே ஒரு வரி எழுந்தது: பூதக்கண்ணாடி உள்ளே வந்தார். சிரிப்பு, குழாயைத் திருகினாற்போல் நின்றது.

"ஏன் நின்னுட்டீங்க? நல்லாத்தானே இருந்துது" என்றாள் இவள்.

"அக்கா... இன்னிக்குப் புதன் ஆச்சே" என்றாள் பல்லு.

"புதன்கிழமைன்னா எனக்குக் கதவு கிடையாதா?"

"அப்படி இல்லக்கா. நாங்களே ஒருநாள் சொல்லலாம்னுதான்..." என்று இழுத்தாள் வேன்.

"எப்ப? எனக்குப் பல்லெல்லாம் விழுந்தப்புறமா? நீங்க சொல்லாட்டி எனக்குத் தெரியாதா? பெட்டியில மூலையைக் காலியா விடற ஆளு உலகத்துல யாரு இருக்கா? போதாததுக்குக் கட்டில் மேல பச்சைக் கொடி வேற. அவ கலரு. திருட்டுத்தனமா வர்றவ முத்திரையும் குத்திட்டுப் போவாளா?"

வீட்டுக்கு வெளியே விளையாட்டுக் காற்று மட்டும் ஊளையிட்டது.

"அது பச்சை இல்லக்கா" என்றாள் பூச்சி.

இரண்டு வருடத்துக்குப் பிறகு கண்ணாடி அக்காவிடம் பூச்சி பேசிய முதல் பேச்சு அது. மெதுவாகத்தான் சொன்னாள்.

"என் கண்ணுக்கே பாடம் எடுக்கறியா? தீப்பந்தத்துல கிட்டப் போயிப் பாத்தேன். பச்சை."

"சரிக்கா. வாங்க."

பூச்சி நிலவறைக்குள் இறங்கினாள். ஆணியிலிருந்து கொடியைக் கழற்றினாள். படியேறி, கூடத்தைத் தாண்டி, வாசலைத் திறந்து வெளியே போனாள். மற்ற மூவரும் பின்னால் போனார்கள். வெளியே பனி, வானத்தில் உச்சிச் சூரியன். பூச்சி கொடியைப் பனிமேல் விரித்தாள்.

நீலம். துளிக்கூடச் சந்தேகத்துக்கு இடமில்லாத நீலம்.

"பச்சைச் சாயத்துக்கு ஒரு செடி வேணும். அது அந்தப் பக்கத் தீவுலதான் இருக்காம். இன்னும் போகல" என்றாள் பூச்சி. "நீலம்தான் கையில இருந்துது."

கண்ணாடி அக்கா பனியில் கிடந்த கொடியைப் பார்த்தாள். உள்ளே தீப்பந்தம் என்ன நிறம் என்று நினைத்துப் பார்த்தாள். மஞ்சள். அப்புறம் வேறொரு கூரையும், உயரத்தில் எரிந்த இரண்டு விளக்குகளும் நினைவுக்கு வந்தன. கணவர் தண்ணீர் குடித்துக்கொண்டே விளையாட்டாகச் சொன்ன பழமொழி நெஞ்சில் வந்து உட்கார்ந்தது.

"பூச்சி" என்றாள். மறுபடி கூப்பிட்டாள். "பூச்சி. அந்தத் தட்டு..."

"நீலம்க்கா."

"உனக்கு எப்பத் தெரியும்?"

"மறுநாள் காலைல அட்டையைக் குடுக்க வந்தேன்ல. தட்டை வாசல்ல வெயில்ல வெச்சிருந்தாங்க. பாத்தேன்."

"ஏண்டி சொல்லல? அங்கேயே கத்தியிருக்கலாமே!"

பூச்சி பனியிலிருந்து கொடியை எடுத்து உதறினாள். "சூப்பர்வைசர் உங்களைக் கேட்டாரு. நீங்க தட்டைக் கேட்டீங்க. என்னை யாரும் கேக்கலையேக்கா" என்றாள்.

கண்ணாடி அக்கா ஹெட்போனைக் கழற்றி மேஜையில் வைத்தாள். வைத்த பிறகும் அதிலிருந்து "அக்கா, அக்கா" என்று பல்லு கூப்பிடுவது கொசு மாதிரிக் கேட்டது. எழுந்து போய்ச் சமையலறையில் குழாயைத் திறந்து விட்டுக்கொண்டு அழுதாள்.

வியாழக்கிழமை வேலைக்குப் போனதும் ஒரு காலித் தட்டை எடுத்தாள். இடது மூலையில் நீலப் புள்ளி, வலது மூலையில் பச்சைப் புள்ளி. சூப்பர்வைசரைக் கிடங்குக்குக் கூப்பிட்டாள்.

"இதுல எது பச்சை, சொல்லுங்க சார்."

அவர் குனிந்தார், நிமிர்ந்தார், மூக்குக் கண்ணாடியைத் துடைத்தார். "இது" என்று இடது மூலையைக் காட்டினார். பிறகு வலது மூலையைப் பார்த்தார். "இல்ல, ரெண்டும் ஒண்ணாத்தான் இருக்கு. என்னம்மா இது, புதிரா?"

அவள் தட்டை வாசலுக்குத் தூக்கிப் போய் வெயிலில் வைத்தாள். அவர் பார்த்தார். பழைய ஆள், சட்டென்று பிடித்துக்கொண்டார். முகம் மாறியது.

"ரெண்டு வருஷமாச்சும்மா. முடிஞ்சு போனது."

"எனக்கு முடிஞ்சுது சார். அவளுக்கு முடியல. அது என் தட்டு. நான் எழுதிக் குடுக்கறேன்."

"எழுதினா மேனேஜர் வரைக்கும் போகும். உங்க நாற்காலிக்கே ஆபத்து. நல்லா யோசிச்சுக்குங்க."

"யோசிக்காம ஒரு வார்த்தை சொன்னதுலதான் சார் இவ்வளவும்" என்றாள். அவர் மேஜையிலேயே உட்கார்ந்து ஒரு பக்கம் எழுதினாள். எழுதியதை ஜன்னலோரம் கொண்டுபோய் ஒரு தரம் படித்துப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டாள்.

சனிக்கிழமை வந்தது. வழக்கமாகக் காலை பத்து மணிக்குப் பல்லு புதுச் சொல்லை அனுப்பிவிடுவாள். பத்தரை ஆயிற்று, பன்னிரண்டு ஆயிற்று, பொழுதும் சாய்ந்தது. ஒன்றும் வரவில்லை. வராது என்றுதான் அவளும் நினைத்தாள். இரண்டு முறை போனை எடுத்துக் கேட்கப் போனாள், கேட்க முகமில்லாமல் வைத்துவிட்டாள்.

"போன் உடைஞ்சிருக்கான்னு பாக்கறியா?" என்றார் கணவர். அவள் முகத்தைப் பார்த்ததும் அவருக்கு மேற்கொண்டு கேலி வரவில்லை. டீ போட்டுக் கொண்டுவந்து பக்கத்தில் வைத்தார். என்ன என்று கேட்கவில்லை. அவளே எல்லாவற்றையும் சொன்னாள். கேட்டு முடித்துவிட்டு, "எழுதிக் குடுத்துட்டல்ல" என்றார். "குடுத்துட்டேன்" என்றாள். "அப்ப சரி" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை மூன்று மணிக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது போன் சிணுங்கியது. தெரியாத எண். ஆறு எழுத்து, வேறு ஒன்றும் இல்லை. யார், எதற்கு, ஒருவேளை ஏமாற்றோ, தட்டினால் கதவு திறக்காமல் மூன்று பேரும் சேர்ந்து சிரிப்பார்களோ என்று பழைய புத்தி ஒரு சுற்றுச் சுற்றியது. பழகிய கை, பாட்டிலைச் சுழற்றாமல் எப்படி இருக்கும்? சுழற்றி முடித்துவிட்டு ஆறு எழுத்தையும் தட்டினாள்.

திறந்தது.

கூடத்தில் நெருப்பைச் சுற்றி நான்கு கட்டில்கள் இருந்தன. நாலாவது கட்டிலின் மேல் நீலக் கொடி. பூச்சி வாசலில் நின்றுகொண்டிருந்தாள். தூரத்தில் கரையில் மற்ற இருவரும் எதையோ படகில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள்.

"சொல்லை நீதான் அனுப்பினியா?"

"நான்தான் அனுப்பறேன்னு பல்லுகிட்டச் சொன்னேன். அனுப்பலாமா வேணாமான்னு ஒரு நாள் முழுக்க யோசிச்சேன்" என்றாள் பூச்சி. "நேத்து கம்பெனியிலேந்து போன் வந்துது. சூப்பர்வைசரே பேசினாரு. திரும்ப வர்றியான்னு கேட்டாரு."

இவளுக்கு மூச்சு வந்தது. "எப்ப வரே?"

"வரலக்கா."

"ஏண்டி? நாற்காலி உன்னோடதுதானே? நான் வேணா வேற பக்கம் மாத்திக்கறேன்."

"எந்தப் பக்கம் போனாலும் அதே கூரைதானே. நான் பாட்டிலைப் பாக்க மாட்டேன். உங்க கண்ணு எங்க போகுதுன்னுதான் பாத்துட்டு உக்காந்திருப்பேன்" என்றாள் பூச்சி. குரலில் கோபம் இல்லை. அதைத்தான் தாங்க முடியவில்லை. "உங்ககிட்டேந்து அது எனக்கும் ஒட்டிக்கிச்சு."

"அப்ப இங்க மட்டும் எப்படி?" என்றாள் இவள்.

"இங்க சாவி பல்லு கையில இருக்கு. உங்களால என்னை வெளிய அனுப்ப முடியாது."

உண்மை. "பூச்சி, என்னை மன்னி..." என்று தொடங்கினாள்.

"அதை இன்னிக்குக் கேக்காதீங்கக்கா" என்று பூச்சி இடைமறித்தாள். வாயில்லாப் பூச்சி ஒருத்தர் பேச்சில் குறுக்கே புகுந்ததை இவள் பார்ப்பது அதுவே முதல் தடவை. "பச்சைச் செடிக்குப் போறோம். படகுக்கு நாலு துடுப்பு. ஆள் மூணுதான் இருக்கோம். வரீங்களா?"

"வாசலை யாரு பாத்துக்கறது?"

கேட்ட பிறகுதான் என்ன கேட்டோம் என்று அவளுக்கே உறைத்தது. ஹெட்போனில் வேன் சிரிப்பை அடக்குவது கேட்டது.

அவள் கோபுரத்துப் பக்கமே போகவில்லை. வாசல் திறந்தபடி கிடக்க, கரைக்கு இறங்கினாள். படகில் முன்வரிசை இடம்தான் காலியாக இருந்தது. உட்கார்ந்தாள். முதுகுக்குப் பின்னால் பூச்சி ஏறி உட்காரும் சத்தம் கேட்டது. என்ன செய்கிறாள், எங்கே பார்க்கிறாள், ஒன்றும் தெரியவில்லை. திரும்பிப் பார்க்க மவுஸ்மேல் கை துடித்தது. பார்க்கவில்லை. துடுப்பைப் போட்டாள்.